பாகப்பிரிவினையில் சமரசம்: முதலில் கணக்கு, பிறகு விட்டுக்கொடுப்பு



அத்தா வபாத்தாகி, அம்மாவின் இத்தா முடிவதற்குள்ளேயே தோட்டத்தை என்ன செய்வது என்ற பேச்சு சில வீடுகளில் தொடங்கிவிடுகிறது. இதைக் கேட்டு முகம் சுளிப்பவர்கள் உண்டு. சுளிக்க வேண்டியதில்லை. அந்தப் பேச்சு அப்போதே நடந்து முடிந்துவிட்டால் எத்தனையோ குடும்பங்கள் பிழைத்துப்போகும். பெரியவன் பார்த்துக்கொள்வான் என்று விட்டுவிடுகிறோம். பத்துப் பதினைந்து ஆண்டு கழித்துப் பக்கத்தில் பைபாஸ் ரோடு வருகிறது, பூமியின் விலை ஏறுகிறது, அப்போதுதான் பங்கு என்ற சொல்லே வாயில் வருகிறது. அதற்குள் அண்ணன் பட்டாவைத் தன் பெயருக்கு மாற்றியிருப்பார். தங்கை வீட்டு மாப்பிள்ளை வக்கீலைப் பார்த்திருப்பார். பெருநாளன்று ஒரே பள்ளியில் ஒரே ஸஃப்பில் நின்று தொழுதுவிட்டு, முஸாஃபஹா செய்யாமல் வெளியேறும் சகோதரர்களை நம் மஹல்லாக்களில் பார்க்கிறோம். விசாரித்தால் பெரும்பாலும் நடுவே ஒரு தோட்டமோ ஒரு வீடோ இருக்கும்.

இந்த இதழின் பாடத்தில் இதைத்தான் எடுத்துக்கொள்கிறோம். ஏற்கெனவே கோர்ட்டில் இருக்கும் பாகப்பிரிவினை வழக்கை எப்படிச் சமரசமாக முடிப்பது, வழக்குக்கு முன்பே எப்படிப் பேசித் தீர்ப்பது, அதில் ஷரீஅத் எங்கே நிற்கிறது என்பதைப் பார்ப்போம்.

அழுத இரு அன்ஸாரிகள்

அன்னை உம்மு ஸலமா (ரலி) அவர்கள் அறிவிக்கும் ஒரு செய்தி அபூதாவூதில் இருக்கிறது. இரண்டு பேர் ஒரு வாரிசுச் சொத்து விஷயமாக வழக்காடிக்கொண்டு நபி (ஸல்) அவர்களிடம் வந்தார்கள். இருவரிடமும் சாட்சி இல்லை, வாய்ப்பேச்சுத்தான் இருந்தது. நபியவர்கள் தாமும் ஒரு மனிதரே என்பதை நினைவூட்டினார்கள். ஒருவர் மற்றவரைவிடத் திறமையாக வாதாடக்கூடும், கேட்டதை வைத்தே தாம் தீர்ப்பளிக்க நேரும், அப்படித் தம் சகோதரரின் உரிமை ஒருவர் கைக்கு வந்துவிட்டால் அது நரக நெருப்பின் ஒரு துண்டு, அதை எடுக்க வேண்டாம் என்று எச்சரித்தார்கள். இருவரும் அழுதார்கள். என் பங்கு உனக்கே இருக்கட்டும் என்று ஒவ்வொருவரும் மற்றவரைப் பார்த்துச் சொன்னார்கள்.

நம் பயான்களில் இந்தச் சம்பவம் பெரும்பாலும் இந்த இடத்தோடு நின்றுவிடும். அதற்குப் பிறகு நடந்ததுதான் நமக்குப் பாடம். விட்டுக்கொடுத்துவிட்டீர்கள், நல்லது, போய் வாருங்கள் என்று நபியவர்கள் அனுப்பிவிடவில்லை. இப்படி மனம் இறங்கிவிட்டீர்கள் என்பதால், போய்ப் பங்கிடுங்கள், சரியானது எதுவோ அதையே நாடுங்கள், பிறகு சீட்டுப் போட்டுக்கொள்ளுங்கள், அதற்குப் பிறகு ஒருவருக்கொருவர் ஹலாலாக்கிக்கொள்ளுங்கள் என்ற பொருளில் வழிகாட்டினார்கள்.

வரிசையைக் கவனியுங்கள். முதலில் சரியான பங்கு. அடுத்து, யாருக்கு எந்தத் துண்டு என்பதில் சந்தேகத்துக்கு இடமில்லாத ஒரு முறை. கடைசியில்தான் மன்னித்து விடுவது. நம் ஊர்களில் சமரசம் என்ற பெயரில் நடப்பது பல நேரம் இதற்கு நேர் தலைகீழ். எடுத்த எடுப்பிலேயே "விட்டுக்கொடும்மா" என்று தங்கையிடம் கேட்கிறோம். எவ்வளவை விட்டுக்கொடுக்கிறாள் என்று அவளுக்கும் தெரியாது, வாங்கிக்கொள்பவருக்கும் தெரியாது. கணக்குத் தெரியாமல் போட்ட கையெழுத்துத்தான் பிற்காலத்தில் அவளுடைய பிள்ளைகள் வழியாக வழக்காகத் திரும்பி வருகிறது.

கணக்கு என்ன?

திருக்குர்ஆனின் 4வது அத்தியாயம், 11, 12 வசனங்கள் பங்குகளைப் பெயர் சொல்லி எண்ணிக்கையில் தந்துவிட்டன. உஹதில் ஷஹீதான ஸஅத் பின் ரபீஉ (ரலி) அவர்களின் மனைவி, தம் இரு மகள்களையும் அழைத்துக்கொண்டு நபியவர்களிடம் வந்து, பிள்ளைகளின் சொத்து முழுவதையும் அவர்களுடைய சிறிய தந்தை எடுத்துக்கொண்டார் என்று முறையிட்ட சம்பவத்தோடு இந்தச் சட்டம் சேர்த்துச் சொல்லப்படுகிறது. மகள்களுக்கு மூன்றில் இரண்டு, தாய்க்கு எட்டில் ஒன்று, மீதி அந்தச் சிறிய தந்தைக்கு என்று தீர்ப்பானது. அபகரித்தவரையும் அடியோடு விலக்கவில்லை. அவருக்கு உரியது அவருக்குக் கிடைத்தது.

நம் பகுதியில் ராவுத்தர் குடும்பங்களும் உருது பேசும் குடும்பங்களும் பெரும்பாலும் ஹனஃபி மத்ஹபைச் சேர்ந்தவர்கள். ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். அத்தா விட்டுச் சென்றது 4 ஏக்கர் தோட்டம். வாரிசுகள் மனைவி, இரண்டு மகன்கள், மூன்று மகள்கள். அவருடைய பெற்றோர் முன்பே காலமாகிவிட்டார்கள். மனைவிக்கு எட்டில் ஒன்று. மீதி எட்டில் ஏழு, மகனுக்கு இரண்டு மகளுக்கு ஒன்று என்ற வீதத்தில் பிரியும். ஆக மொத்தம் 8 பங்கு. அம்மாவுக்கு 1, மகன்களுக்குத் தலா 2, மகள்களுக்குத் தலா 1. 400 சென்ட்டில் அம்மாவுக்கு 50, ஒவ்வொரு மகனுக்கும் 100, ஒவ்வொரு மகளுக்கும் 50. எல்லாக் குடும்பத்துக்கும் கணக்கு இவ்வளவு சுலபமாக அமையாது. ஆனாலும் ஒரு ஆலிம் அரை மணி நேரத்தில் போட்டுத் தந்துவிடுவார். அதைக் கையால் எழுதி, எல்லா வாரிசுகளின் கையிலும் ஒரு நகல் கொடுத்துவிட்டுத்தான் பேச்சையே தொடங்க வேண்டும் என்பது எங்கள் உறுதியான கருத்து.

பங்கிடும் முன் கழிக்க வேண்டியவை இருக்கின்றன. அடக்கச் செலவு, கடன், பிறகு மூன்றில் ஒரு பங்குக்கு மிகாத வஸிய்யத். கடன் என்றதும் கூட்டுறவுச் சங்கக் கடன், நகைக் கடன் என்று எண்ணுகிறோம். அம்மாவுக்கு அத்தா கொடுக்காமல் போன மஹரும் கடன்தான். நிக்காஹ் பதிவேட்டைப் பாருங்கள். அதில் எழுதியிருக்கும் தொகை இன்று சிறியதாக இருக்கலாம். ஆனால் அதைக் கேட்காமல் பங்கு பிரித்தால் முதல் கணக்கே பிழை.

"வீட்டில் வேண்டுமானால் பெண்களுக்குப் பங்கு உண்டு, காடு தோட்டத்தில் கிடையாது" என்று சில பெரியவர்கள் இன்னும் சொல்வதுண்டு. இது எங்கிருந்து வந்தது என்றால், 1937ஆம் ஆண்டின் ஷரீஅத் சட்டம் விவசாய நிலத்தை விட்டுவிட்டுத்தான் இயற்றப்பட்டது. ஆனால் சென்னை மாகாணம் 1949இல் ஒரு திருத்தச் சட்டம் கொண்டுவந்து அந்த விதிவிலக்கை நீக்கிவிட்டது. முக்கால் நூற்றாண்டாகத் தமிழ்நாட்டு முஸ்லிம்களின் விவசாய நிலத்துக்கும் ஷரீஅத் பங்குதான் சட்டம். பெரியவர் சொன்னார் என்பதற்காகத் தங்கையின் 50 சென்ட் மறைந்துவிடாது.

இன்னொரு குழப்பம், அண்டை வீட்டு இந்துக் குடும்பங்களைப் பார்த்து வந்தது. நம் சட்டத்தில் கூட்டுக்குடும்பச் சொத்து, கர்த்தா என்ற ஏற்பாடு இல்லை. ஒருவர் மறைந்த நொடியில் ஒவ்வொரு வாரிசும் தன் பங்குக்குத் தனித்தனி உரிமையாளர் ஆகிவிடுகிறார். மூத்த மகன் பெயரில் பட்டா இருக்கிறது, கந்தாயம் அவர்தான் கட்டுகிறார் என்பதால் மற்றவர் பங்கு அவருக்குப் போய்விடாது. அவர் விற்றாலும் தன் பங்கைத்தான் விற்க முடியும்.

வழக்கு என்றால் எவ்வளவு தூரம்?

பாகப்பிரிவினை வழக்கு மற்ற வழக்குகளைப் போல ஒரு தீர்ப்போடு முடிவதில்லை. முதலில் யாருக்கு எத்தனை பங்கு என்று சொல்லும் முதல்நிலைத் தீர்ப்பாணை. வக்கீல் பாஷையில் பிரிலிமினரி டிகிரி. அதன் மேல் அப்பீல், இரண்டாம் அப்பீல் போகலாம். அதற்குப் பிறகு நிலத்தில் கோடு கிழிக்க மனுப் போட வேண்டும். கமிஷனராக ஒரு வக்கீலை நியமித்து, சர்வேயரோடு வந்து அளந்து அறிக்கை கொடுப்பார்கள். அறிக்கைக்கு ஆட்சேபணை வரும். பிறகுதான் இறுதித் தீர்ப்பாணை. அதையும் கையில் வைத்துக்கொண்டு, இடத்தை விடாதவரிடமிருந்து வாங்க நிறைவேற்று மனு. நடுவில் ஒரு கட்சிக்காரர் இறந்தால் அவருடைய வாரிசுகளைச் சேர்க்க வேண்டும். 5 பேராகத் தொடங்கிய வழக்கில் 20 பேர் வந்து நிற்பது இப்படித்தான். முதல்நிலைத் தீர்ப்போடு வழக்குகள் கிடப்பில் விழுவதைப் பார்த்துவிட்டு, கட்சிக்காரர் மனுவுக்காகக் காத்திருக்காமல் விசாரணை நீதிமன்றங்களே இறுதித் தீர்ப்பாணைக்கான வேலையைத் தொடர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022இல் சொல்ல வேண்டியிருந்தது.

நமக்குப் பக்கத்திலேயே ஒரு உதாரணம் இருக்கிறது. மலைக்கு அந்தப் பக்கம் கேரளத்தின் தொடுபுழையில் ஒரு ராவுத்தர் குடும்பம். சொத்து 1.70 ஏக்கர். தந்தை உயிரோடு இருக்கும்போதே பிள்ளைகளுக்குப் பணமாகக் கொடுத்து, இனி இந்தப் பூமியில் உரிமை கோர மாட்டோம் என்று எழுதி வாங்கியிருந்தார். 1986இல் அவர் மறைந்தார். பிறகு பங்கு கேட்டு வழக்கு. அது கீழ் நீதிமன்றத்திலிருந்து உச்ச நீதிமன்றம் வரை போய் 2011 ஆகஸ்டில் முடிந்தது. தந்தை மறைந்து 25 ஆண்டு. வருங்கால வாரிசுரிமையை முன்கூட்டியே விட்டுக்கொடுப்பது தனியாக நிற்காது என்பது நம் சட்டம். ஆனால் அதற்கு ஈடாகப் பணம் வாங்கிக்கொண்டு எழுதிக் கொடுத்தவர் பிறகு திரும்பி வந்து பங்கு கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் தீர்த்தது. சட்டம் படிப்பவர்களுக்கு அது முக்கியமான தீர்ப்பு. நம் கண்ணுக்குப் படுவது வேறு. சமரசத்துக்காகவே அந்தத் தந்தை செய்த ஏற்பாடு, எல்லாரும் ஒன்றாக உட்கார்ந்து முடிவு செய்யாமல் தனித்தனிக் கையெழுத்தாக நின்றதால், அதுவே வழக்கின் கருவாகிவிட்டது.

வழக்கு நடக்கும் காலத்தில் பூமியும் முடங்கிவிடுகிறது. விவகாரம் இருக்கும் நிலத்தை விவரம் தெரிந்தவர் வாங்க மாட்டார், வங்கி அடமானம் பிடிக்காது. யாருக்கு வரும் என்று தெரியாத தென்னைக்கு யார் உரம் வைப்பார்?

இவ்வளவு சொல்வதால் கோர்ட்டுக்குப் போவது பாவம் என்று நாங்கள் சொல்லவில்லை. பங்கே தர மாட்டேன் என்று அண்ணன் அடித்துச் சொன்னால் தங்கை வழக்குப் போடுவது அவளுடைய உரிமை. 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி, பெண் என்ற ஒரே காரணத்தால் வருமானம் எவ்வளவு இருந்தாலும் அவளுக்கு இலவச வக்கீல் கிடைக்கும். கோவையில் கோர்ட் வளாகத்திலேயே மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. தப்பு என்று தெரிந்தே அடுத்தவர் பொருளை விழுங்குவதற்காக அதிகாரிகளிடம் வழக்கைக் கொண்டு போவதைத்தான் குர்ஆன் (2:188) தடுக்கிறது. வாய்தா வாங்கி இழுத்தால் அவள் களைத்துப் போவாள் என்று எண்ணும் அண்ணன் அந்த வசனத்தை ஒருமுறை தர்ஜுமாவோடு ஓதிப் பார்க்கட்டும்.

எண்ணிக்கையால் பிரிக்க முடியாதவை

கணக்கு முடிந்தது. 400 சென்ட் 8 பங்கு. ஆனால் பூமி காகிதம் அல்ல. கிணறு வடமேற்கு மூலையில் ஒன்றுதான். கரண்ட் சர்வீஸ் அத்தா பெயரில் ஒன்று. தார் ரோடு கிழக்கில் மட்டும். பாதியில் காய்க்கும் தென்னை, பாதி வெறும் காடு. நடுவே அம்மா இருக்கும் சாளை. இங்கேதான் சமரசத்துக்கு உண்மையான வேலை. பங்கு அல்லாஹ் விதித்தது, அதில் பேரம் இல்லை. எந்தப் பங்கு எங்கே விழும் என்பது நம் கையில் விடப்பட்டது.

தண்ணீர் விஷயத்தில் புகாரியில் வரும் ஒரு வழக்கை நம் விவசாயிகள் எல்லாரும் தெரிந்துவைத்துக்கொள்ள வேண்டும். மதீனாவின் ஹர்ரா பகுதி வாய்க்கால். மேல் மடையில் ஸுபைர் (ரலி) அவர்களின் தோட்டம், கீழே ஒரு அன்ஸாரித் தோழருடையது. தண்ணீரைத் திறந்து விடு என்று அவர் கேட்க, வழக்கு நபியவர்களிடம் வந்தது. ஓரளவு பாய்ச்சிக்கொண்டு அண்டை வீட்டாருக்கு விட்டுவிடும்படி நபியவர்கள் ஸுபைரிடம் முதலில் சொன்னார்கள். இது ஸுபைரின் முழு உரிமையைவிடக் குறைந்த, இருவருக்கும் இதமான வழி. அவர் உங்கள் அத்தை மகன் என்பதால்தானே என்று அந்தத் தோழர் பேசிவிட்டார். நபியவர்களின் முகம் மாறியது. அப்படியானால் வரப்பு எட்டும் வரை தண்ணீரை நிறுத்திப் பாய்ச்சிக்கொள் என்று ஸுபைருக்கு முழு உரிமையையும் தீர்ப்பாகக் கொடுத்தார்கள். அது கணுக்கால் அளவு என்று பிற்காலத்தில் கணக்கிட்டார்கள். சமரசத்தில் அந்தத் தோழருக்குச் சீக்கிரம் கிடைக்கவிருந்த தண்ணீர், தீர்ப்பில் தாமதமானது. பி.ஏ.பி. வாய்க்கால் கடைமடையில் இருப்பவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் தேவையில்லை.

ஆகவே கிணற்றைப் பொதுவில் வையுங்கள். எட்டு நாள் முறை வைத்தால் பங்குக்கு ஒரு நாள் என்று கணக்கும் ஒத்துவரும். மோட்டார் பழுது, கிணறு தூர்வாரும் செலவு, கரண்ட் சர்வீஸ் யார் பெயரில் இருந்தாலும் மற்றவர்களுக்கு உள்ள உரிமை ஆகிய மூன்றையும் எழுதாமல் விடாதீர்கள். தடம் எத்தனை அடி, அதில் டிராக்டரும் தேங்காய் லோடு வண்டியும் போகலாமா, பைப் லைன் யார் பூமி வழியாகப் போகும் என்பதும் எழுத்தில் வர வேண்டும். "தடம் விட்டுக்கொள்ள வேண்டியது" என்று ஒரு வரி மட்டும் எழுதிவிட்டு, அகலம் குறிப்பிடாமல் பத்திரம் போட்ட குடும்பங்கள் அடுத்த தலைமுறையில் வேலிக்குப் போய் நிற்கின்றன.

ரோட்டோர 50 சென்ட்டும் உள்ளே இருக்கும் 50 சென்ட்டும் ஒன்றல்ல. ரோட்டோரம் எடுப்பவர் சென்ட் குறைத்துக்கொள்ளலாம், அல்லது மற்றவருக்குப் பணமாக ஈடு கட்டலாம். ஒருவர் மதிப்பில் சமமாகக் கூறு போடட்டும், மற்றவர் முதலில் எடுக்கட்டும். அதிலும் இழுபறி என்றால் சீட்டு. அது நபிவழியிலேயே இருக்கிறது. தோற்றவருக்கும் மானக்குறைவு இல்லை.

தங்கை பணமாக வாங்கிக்கொண்டால்

கல்யாணமாகி ஈரோட்டிலோ துபாயிலோ இருக்கும் மகளுக்கு 50 சென்ட் தோட்டம் உபயோகப்படாமல் இருக்கலாம். பணமாக வாங்கிக்கொண்டு விலகலாம். ஃபிக்ஹில் இதற்குத் தகாருஜ் என்று பெயர். அப்துர் ரஹ்மான் பின் அவ்ஃப் (ரலி) அவர்கள் வஃபாத்தான போது, அவருடைய நான்கு மனைவியரில் ஒருவரான துமாழிர் என்பவர் தம் பங்குக்கு ஈடாக எண்பதாயிரம் வாங்கிக்கொண்டு விலகியதைத்தான் ஹனஃபி நூல்கள் முன்மாதிரியாகச் சொல்கின்றன. எட்டில் ஒன்றில் நான்கில் ஒரு பாகம், அதற்கு அவ்வளவு! பத்தாயிரமும் ஒரு பட்டுச் சேலையும் கொடுத்து விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்குவதற்கும் தகாருஜ் என்று பெயர் சூட்டுபவர்கள் இதை நினைவில் வைக்கட்டும்.

பணமாகக் கொடுப்பதென்றால் சந்தை விலையைக் கொண்டு பேசுங்கள். சார் பதிவாளர் அலுவலக வழிகாட்டி மதிப்பு பல இடங்களில் சந்தை விலைக்குக் கீழே இருக்கும். பங்காளி அல்லாத இரண்டு பேரிடம் விலை விசாரித்து நடுவில் வையுங்கள். தொகை வங்கி வழியாகப் போகட்டும், கையெழுத்துக்கு முன் முழுமையாகப் போகட்டும். அத்தா விட்டதில் நிலத்தோடு நகையும் ரொக்கமும் சேர்ந்திருந்தால் தகாருஜில் வட்டி சம்பந்தமான நுணுக்கங்கள் வருகின்றன. அதை ஒரு ஆலிமிடம் கேட்காமல் செய்ய வேண்டாம்.

மனமுவந்து தராத பொருள் ஹலாலாகாது என்பது ஹதீஸில் வந்திருக்கிறது. ஹராமை ஹலாலாக்கும் சமரசம் செல்லாது என்பதும் அப்படியே. கேட்டால் பிறந்த வீட்டு வாசல் அடைபட்டுவிடும், நாளை மகள் கல்யாணத்துக்கு மாமன் வந்து நிற்க மாட்டான் என்று பயந்து கொடுப்பது மனமுவந்த கொடையா? அண்ணன்மார்கள் தங்களையே கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இது. பங்கைக் கையில் கொடுத்து, பட்டாவும் மாற்றிக் கொடுத்த பிறகு, அவளாக அண்ணனுக்கு ஹிபாவாகத் திருப்பித் தந்தால் அதில் யாருக்கும் ஆட்சேபணை இல்லை.

அநாதைப் பேரப்பிள்ளைகள், வயது வராதவர்கள்

இதைச் சொல்லாமல் இந்தப் பாடம் முடியாது. அத்தாவுக்கு முன்பே ஒரு மகன் இறந்திருந்தால், வேறு மகன் உயிரோடு இருக்கும்போது அவருடைய பிள்ளைகள் வாரிசாக வர மாட்டார்கள். சட்டம் இது. ஆனால் பங்கிடும் இடத்தில் வாரிசல்லாத உறவினரும் அநாதைகளும் ஏழைகளும் வந்தால் அவர்களுக்கும் கொடுக்கும்படி குர்ஆன் (4:8) சொல்கிறது. பாட்டனார் உயிரோடு இருக்கும்போதே மூன்றில் ஒரு பங்குக்குள் வஸிய்யத் எழுதியிருக்கலாம். எழுதவில்லை என்றால் பெரியப்பா சித்தப்பாமார் தங்கள் பங்கிலிருந்து ஆளுக்குக் கொஞ்சம் ஒதுக்கலாம். சமரசம் என்ற சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமான இடம் எங்களுக்குத் தெரியவில்லை.

வாரிசுகளில் 18 வயது நிரம்பாதவர் இருந்தால் கூடுதல் கவனம் வேண்டும். தந்தை இறந்த பிள்ளையின் நிலத்துக்குத் தாயோ அண்ணனோ சித்தப்பாவோ தானாகவே சட்டப்படியான கார்டியன் ஆகிவிடுவதில்லை. வயது வராத ஒருவருக்காக அண்ணன் கையெழுத்திட்ட குடும்ப ஏற்பாட்டுப் பத்திரம் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் 1952லேயே சொல்லிவிட்டது. கோர்ட் மூலம் கார்டியன் நியமனம் பெற வேண்டும். வழக்கு நடந்துகொண்டிருந்தால், அந்தப் பிள்ளைக்காகச் செய்யும் சமரசத்துக்கு நீதிபதியின் அனுமதி வாங்க வேண்டும்.

சமரசத்தை எப்படிக் கட்டுவது?

வழக்கு நிலுவையில் இருந்தால் பாதை சுலபம். இரு தரப்பும் எழுத்தில் ஒப்பந்தம் போட்டுக் கையெழுத்திட்டுக் கோர்ட்டில் தாக்கல் செய்தால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை 3ஆம் விதிப்படி அதையே தீர்ப்பாணையாக்கித் தருவார்கள். வரைபடத்தையும் அதோடு சேர்த்துவிட்டால், கோடு கிழிக்கத் தனியாகக் கமிஷன், ஆட்சேபணை என்று அலைய வேண்டிய நிலையைத் தவிர்க்கலாம். பிறகு அந்தச் சமரசத்தை எதிர்த்துத் தனி வழக்குப் போட முடியாது. அதனால்தான் படித்துப் பார்த்து, பெண்களுக்கு வாசித்துக் காட்டிக் கையெழுத்திட வேண்டும் என்கிறோம்.

பேச நடுவர் வேண்டுமென்றால் கோர்ட்டோடு இணைந்த சமரச மையம் இருக்கிறது. சென்னை உயர் நீதிமன்றத்தில் 2005 ஏப்ரலில் தொடங்கிய மையம்தான் நாட்டிலேயே இந்த வகையில் முதலாவது. மாவட்டங்களிலும் இப்போது உண்டு. அங்கே பேசியதை யாரும் பிறகு சாட்சியாக இழுக்க முடியாது. லோக் அதாலத் எனப்படும் மக்கள் நீதிமன்றத்தில் முடிந்தால் அது சிவில் கோர்ட் தீர்ப்பாணைக்குச் சமம், அப்பீல் கிடையாது. வழக்குப் போடாதவர்களும் அங்கே போகலாம். கட்டிய கோர்ட் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். கோர்ட் அனுப்பாமல் கட்சிக்காரர்கள் தாங்களாகவே வெளியே பேசி முடித்தாலும் கட்டணத்தைத் திருப்பித் தர வேண்டும் என்று தமிழ்நாட்டு வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் 2021இல் உறுதி செய்தது. உங்கள் வக்கீலிடம் இதைக் கேளுங்கள்.

ஜமாஅத் நிர்வாகிகளுக்கு ஒரு வார்த்தை. இரு தரப்பும் விரும்பி வந்தால் உட்கார்ந்து பேசி வைக்கலாம், அது நன்மையான காரியம். தீர்ப்பு என்று எழுதி, கேட்காதவருக்கு அபராதம், விலக்கு என்று போவது கூடாது. தாருல் கழா தீர்ப்புக்கும் ஃபத்வாவுக்கும் சட்ட வலு இல்லை, யார் மீதும் திணிக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2014இல் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. பேச்சு நடக்கும் அறையில் தங்கையும் இருக்க வேண்டும். அவள் சார்பில் மாப்பிள்ளை மட்டும் வந்து பேசுவது போதாது. அதேபோல் மாப்பிள்ளைதான் தூண்டிவிடுகிறார் என்று அவரை வெளியே நிறுத்துவதும் சரியல்ல.

வழக்கே இல்லாத குடும்பத்துக்கு, பதிவு செய்த பாகப்பிரிவினைப் பத்திரம்தான் எங்கள் ஆலோசனை. வாய்மொழியாகப் பிரித்துக்கொண்ட குடும்ப ஏற்பாடும் செல்லும், நடந்து முடிந்ததை நினைவுக்காக எழுதி வைப்பதற்குப் பதிவு தேவையில்லை என்று உச்ச நீதிமன்றம் 1976இல் சொன்னது உண்மைதான். ஆனால் எழுத்தே உரிமையை உண்டாக்கினால் பதிவு கட்டாயம். எது நினைவுக் குறிப்பு, எது பத்திரம் என்று வாதாடவே இன்னொரு வழக்கு வேண்டியிருக்கும். தமிழ்நாட்டில் குடும்பத்தாருக்குள் பிரிக்கும்போது முத்திரைத் தீர்வை 1 சதவீதம். 2023 ஜூலையில் மாற்றியபடி ஒரு பங்குக்கு அதிகபட்சம் 40,000 ரூபாய், பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 10,000 ரூபாய். பதியும் நாளில் நடப்பில் உள்ள தொகையை ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள். வழக்கு நடத்தும் செலவோடு ஒப்பிட்டால் இது பெரிய தொகையல்ல.

பத்திரம் போடுவதற்கு முன் சர்வேயரை வைத்து அளந்து, எல்லா வாரிசுகளும் நிற்கும்போது கல் நடுங்கள். வாரிசுச் சான்று, தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்று, புலப்படம் நான்கும் கையில் இருக்கட்டும். பத்திரம் பதிந்ததும் உட்பிரிவு பட்டாவுக்கு மனுக் கொடுத்துவிடுங்கள். பலர் இங்கே சோர்ந்துபோய் விட்டுவிடுகிறார்கள். பட்டா கூட்டாகவே கிடந்தால் பயிர்க் கடனுக்கும் இழப்பீட்டுக்கும் மறுபடி எல்லாரும் கையெழுத்திட வேண்டி வரும்.

ஃபராயிள் கணக்குப் போட வருபவர்கள் இறந்தவரின் மனைவி, பெற்றோர், பிள்ளைகள் யார் யார், அவர் இறந்த தேதியில் யார் யார் உயிரோடு இருந்தார்கள் என்ற விவரத்தை எழுதிக் கொண்டு வந்தால் போதும். இரண்டு தலைமுறையாகப் பிரிக்காத சொத்தாக இருந்தால் ஒவ்வொருவரும் மறைந்த தேதி கட்டாயம் தேவை. யார் முன்னே, யார் பின்னே என்பதில் பங்கே மாறிவிடும்.